நடந்து போன கிணறு

லாசால், மொன்றியல்
09.03.2003

அன்புள்ள மச்சாளுக்கு,

உறையில் என் கையெழுத்தைக் கண்டு யாருக்கு என்ன நடந்ததோ என்று பதற வேண்டாம். இங்கே எல்லோரும் சுகம். இவருக்கு முழங்கால் நோ மட்டும். பத்து வருடம் உணவகச் சமையலறையில் நின்ற கால். ஆர்த்திகாவுக்குப் பதின்மூன்று ஆகிவிட்டது. என்னைவிட இரண்டு விரற்கடை உயரம். அண்ணையும் நீங்களும் ரதீசனும் நலமாக இருப்பீர்கள் என்று நம்பித்தான் எழுதுகிறேன்.

போன வருடம் உங்கள் வீட்டுக்குத் தொலைபேசி வந்ததிலிருந்து மாதம் ஒரு ஞாயிறு அண்ணையுடன் கதைக்கிறேன். "மச்சாள் எங்கை?" என்று கேட்டால், "அவ கிணத்தடியிலை நிக்கிறா" என்பார். ஒவ்வொரு முறையும் அதே பதில். அந்தக் கிணற்றடியில் அப்படி என்னதான் வேலையோ! கோபித்துச் சொல்லவில்லை மச்சாள். தொலைபேசிக்கு வராதவரிடம் கடிதத்திலாவது கதைக்கலாம் என்று பார்க்கிறேன்.

இப்போது நான் தையல் தொழிற்சாலைக்குப் போவதில்லை. வாரத்தில் மூன்று நாள் அங்ரினியோனில் மெட்ரோ ஏறி, டவுன்டவுனில் ஒரு பல்கலைக்கழகத்துக்குப் போகிறேன். படிக்க அல்ல. அங்கே அக்னெஸ் என்று ஓர் ஆராய்ச்சியாளர், இந்த ஊருக்கு வந்து சேர்ந்த பெண்களிடம் அவரவர் நாட்டு வாய்மொழிக் கதைகளைச் சேகரிக்கிறார். தமிழ்ப் பெண்கள் சொல்வதை ஒலிநாடாவில் பதிந்து, பிரெஞ்சில் எழுதிக் கொடுப்பது என் பொறுப்பு. கதை கேட்பதற்கும் சம்பளம் தருவார்கள் என்று தெரிந்திருந்தால் தையல் மெஷினில் ஆறு வருடம் முதுகை வளைத்திருக்க மாட்டேன்.

என்னோடு மிர்லாந்த் என்ற ஹெயிட்டிப் பெண் வேலை செய்கிறாள். அவர்கள் நாட்டில் கதை சொல்பவர் முதலில் "கிரிக்?" என்று கேட்க வேண்டுமாம். கேட்க விருப்பமானவர்கள் "கிராக்!" என்று பதில் சொல்வார்களாம். பதில் வராவிட்டால் கதை இல்லை. கதையை முடிக்கும்போது, "நான் இதையெல்லாம் ஒளித்திருந்து பார்த்தேன், எனக்கு ஓர் உதை விட்டார்கள், பறந்து வந்து உங்கள் முன்னால் விழுந்து சொல்கிறேன்" என்று முடிப்பார்களாம். "எங்களையும் அப்படித்தான் உதைச்சவை" என்று சொன்னேன். இரண்டு பேரும் சிரித்த சிரிப்பில் அக்னெஸ் அடுத்த அறையிலிருந்து எட்டிப் பார்த்தார்.

போன மாதம் அக்னெஸ் என்னிடமே ஒரு கதை கேட்டார். வாயில் வந்தது நடந்து வந்த வழியில் நீங்கள் சொன்ன கிணற்றுக் கதைதான். ஊர்ச் சனம் எழும்பிப் போகிறது. தனியாக விடப்பட்ட கிணறு கால் முளைத்துப் பின்னால் நடக்கிறது. கூட ஒரு வாளி, "உனக்கு மெல்லமா நடக்கத் தெரியாதோ, எல்லாம் சிந்துது" என்று முணுமுணுத்துக்கொண்டே வருகிறது. வழியில் ஆடு தண்ணீர் கேட்கிறது, கிணறு கொடுக்கிறது. காகம் கேட்கிறது. காய்ந்த பூவரசு கேட்கிறது. கொடுக்கக் கொடுக்கக் கிணற்றுக்குப் பாரம் குறைகிறது, நடை கூடுகிறது. ஆனால் போய்ச் சேரும்போது தண்ணீர் மிஞ்சுமா?

மச்சாள், கிணறு பாலத்தடிக்கு வரும் வரைக்கும்தான் எனக்குக் கதை தெரியும். அதற்குப் பிறகு நீங்கள் சொன்னதைக் கேட்க நான் இருக்கவில்லை. ஆர்த்திகாவுக்கும் எப்போதும் பாலத்திலேயே நிறுத்திவிடுவேன். அவள் பள்ளிக்கூடத்தில் தானாக ஒரு முடிவு வைத்திருக்கிறாள்: கிணறு பனிக்காலம் வரைக்கும் காத்திருந்து, உறைந்த ஆற்றின் மேல் நடந்து போகிறதாம். உள்ளே தண்ணீரும் உறைந்துவிட்டதால் ஒரு துளி சிந்தவில்லையாம்!

உலகத்துக் கதைகளையெல்லாம் வகை பிரித்து எண் போட்ட தடித்த அட்டவணை ஒன்று அக்னெஸிடம் இருக்கிறது. இரண்டு வாரம் தேடியும் நடக்கும் கிணற்றுக்கு எண் கிடைக்கவில்லை. இந்த நாட்டுக்கு வந்த எல்லோருக்கும் ஓர் எண் கொடுத்தார்கள், கிணற்றுக்கு மட்டும் இல்லை. அவருக்கு அது பெரிய சந்தோஷம். ஆண்டு முடிவில் வரும் புத்தகத்தில் இதைத்தான் முதல் கதையாகப் போடப் போகிறாராம்.

ஒரு பிழை செய்துவிட்டேன். ஒவ்வொரு கதைக்கும் ஒரு படிவம் இருக்கிறது. "யாரிடம் கேட்டது?" என்ற இடத்தில், "ஊரில் பலரும் சொல்வது" என்று எழுதினேன். உங்கள் பெயரை எழுதக் கை வரவில்லை. அதைத் திருத்த வேண்டும். உங்கள் பெயரைப் போடச் சம்மதமா? கதை எப்படி முடிந்தது என்று எழுதுவீர்களா?

அண்ணையையும் ரதீசனையும் கேட்டதாகச் சொல்லுங்கள்.

அன்புடன்,
செல்வமலர்

*

கோண்டாவில்
28.04.2003

அன்புள்ள செல்வமலருக்கு,

கடிதம் கிடைத்தது. நாங்கள் சுகம். உங்கள் அண்ணைக்கு இரத்த அழுத்தம் இருக்கிறது, குளிசை எடுக்கிறார். ரதீசன் பத்தாம் வகுப்பு. நான் காலையில் பாலர் பாடசாலையில் படிப்பிக்கிறேன். விமலநாதனின் முழங்காலுக்கு நல்லெண்ணெய் சூடாக்கித் தடவலாம்.

அப்படி ஒரு கதை சொன்னதாக எனக்கு ஞாபகம் இல்லை. நடந்து களைத்த பிள்ளைகளுக்கு ஆயிரம் சொல்லியிருப்பேன். "ஊரில் பலரும் சொல்வது" என்றே இருக்கட்டும். அன்றைக்கு அந்தப் பாதையில் பலரும்தானே நடந்தார்கள்.

முடிவு வேண்டுமென்றால் வாளியைக் கேளுங்கள். வாளிக்குத் தெரிந்திருக்கும்.

இப்படிக்கு,
அ. ஜெகதீஸ்வரி

*

லாசால்
15.06.2003

அன்புள்ள மச்சாள்,

உங்கள் கடிதத்தை நான் எத்தனை தரம் வாசித்தேன் என்று சொன்னால் நம்பமாட்டீர்கள். அரைப் பக்கம். "நீங்கள்" என்று எழுதியிருக்கிறீர்கள். கலியாணமாகி எங்கள் வீட்டுக்கு வந்த நாளிலிருந்து என்னை "நீர்" என்றுதான் கூப்பிட்டீர்கள்.

வாளியைக் கேட்கச் சொன்னீர்கள். கேட்டேன். அது சொன்னதை எழுதுகிறேன்.

தொண்ணூற்றைந்து ஐப்பசி. ஆமி வருகிறதென்று முழு வலிகாமமும் எழும்பி நடந்த நாள். அண்ணை வவுனியாவில் அகப்பட்டு நின்றார், இவர் ஏற்கனவே இங்கே. நீங்களும் நானும் இரண்டு பிள்ளைகளும். விடிய ஆறரை மணிக்கு நாவற்குழிப் பாலத்தடிக்கு வந்தோம். மழை விட்டிருந்தது. நீங்கள் பத்தடி பின்னால் குனிந்து, ரதீசனின் அறுந்த செருப்பு வாரைச் சீலைத் துண்டால் கட்டிக்கொண்டிருந்தீர்கள். அப்போது அந்த உழவு இயந்திரம் நின்றது. இழுத்து வந்த பெட்டி நிறையச் சனம். மேலே இருந்த ஒருவர், "ஒரு பொம்பிளையும் ஒரு பிள்ளையும் ஏறலாம், கெதியா, கெதியா!" என்றார்.

நான் திரும்பி உங்களைப் பார்த்தேன், மச்சாள். உங்கள் முதுகு தெரிந்தது. கூப்பிட்டிருந்தால் கேட்டிருக்கும். கூப்பிடவில்லை. கூப்பிட்டால் யார் ஏறுவது என்ற கேள்வி வந்துவிடும். ஆர்த்திகாவைத் தூக்கி மேலே கொடுத்துவிட்டு நானும் ஏறினேன். பிறகு அம்மாவுக்கு எழுதும்போது ஆர்த்திகாவுக்குக் காய்ச்சல் என்று எழுதினேன். காய்ச்சல் இல்லை. கால் நோவென்று அழுதாள். ரதீசனுக்கும் கால் நொந்திருக்கும்.

ஆர்த்திகாவின் கையில் அவளுடைய நீல வாளி இருந்தது. இரண்டு பிள்ளைகளுக்குமென்று நீங்கள் கொதிக்க வைத்து ஆற்றிய தண்ணீர்ப் போத்தலும் பிஸ்கட்டும் அதற்குள்தான் இருந்தன. அது எனக்குச் சாவகச்சேரி கிட்டத்தான் ஞாபகம் வந்தது. கதையில் வாளி ஏன் வந்தது என்று எனக்குத் தெரியும். அவள் அதை விடமாட்டேன் என்று அடம் பிடித்ததால் நீங்கள் அதையும் கதைக்குள் சேர்த்தீர்கள்.

இதுதான் வாளி சொன்னது.

பதிவின்போது கேட்பவர்கள் சத்தம் போடக்கூடாது என்பது அக்னெஸின் விதி. என் ஒலிநாடாவைத் திருப்பிப் போட்டுக் கேட்டபோது, ஒவ்வொரு வசனத்துக்குப் பிறகும் நான் நின்று நின்று போவதைக் கவனித்து, "ஏன் நிறுத்துகிறீர்கள்? மறந்துவிட்டதா?" என்றார். எனக்கே அப்போதுதான் விளங்கியது. யாராவது உம் கொட்டுவார்கள் என்று காத்திருந்திருக்கிறேன். எங்களுக்கு உம் கொட்டாமல் கதை நகராதே. அதைச் சொன்னதும் மிர்லாந்த் மேசையில் அடித்து, "பார்த்தியா, நாங்கள் வாசலிலே ஒருக்காத்தான் கேட்போம். நீங்கள் ஒவ்வொரு படியிலேயும் கேட்கிறீர்கள்" என்றாள். அக்னெஸ் தன் தகப்பன் கஸ்பே கடற்கரையில் மீன்பிடிகாரர் என்றும், அவரும் "கிரிக் கிராக்" சொல்லித்தான் கதை தொடங்குவார் என்றும் சொன்னார். எந்தக் கடலைத் தாண்டி யாரிடமிருந்து யாருக்குப் போனதோ. மூன்று பேரும் மதியச் சாப்பாட்டை மறந்துவிட்டோம்.

அன்றைக்கே படிவத்தில் எழுதியது பொய் என்று அவரிடம் சொல்லிவிட்டேன். கோபிப்பார் என்று நினைத்தேன். பேனாவை மூடி வைத்துவிட்டு, "எத்தனை படிவத்தில் இப்படி எழுதியிருக்கிறீர்கள்?" என்று மட்டும் கேட்டார். எண்ணிப் பார்த்தேன். முப்பத்தொரு தமிழ்க் கதைகளில் பத்தொன்பதில் "ஊரில் பலரும் சொல்வது." என் கை அதற்குப் பழகிவிட்டிருந்தது. இப்போது ஒவ்வொருவரிடமும் திரும்பப் போய்க் கேட்கிறேன். டொலார்டில் கோயிலுக்குக் கிட்ட இருக்கும் புஷ்பவதி அக்காவிடம் கேட்டேன். "அந்தக் கதையோ? என்ரை மாமியார் சொன்னது. ஆனால் அவவின்ரை பேரைப் போட்டிடாதை பிள்ளை. போட்டால் கனடாவுக்கும் வந்து நிப்பா" என்றார்.

மன்னிக்கச் சொல்லிக் கேட்கவில்லை. அது கேட்டு வாங்கும் சாமான் அல்ல. கிணற்றுக்குச் சொந்தக்காரி யார் என்று ஓரிடத்தில் எழுதி வைக்க விடுங்கள். முடிவு இல்லாவிட்டால் பாலத்திலேயே நிற்கட்டும்.

உங்கள்,
மலர்

*

கோண்டாவில்
17.08.2003

மலர்,

உம்முடைய கடிதத்தை ஜூலைக் கடைசியில் வாங்கினேன். மூன்று கிழமை அரிசிப் பானைக்குள் வைத்திருந்தேன். எழுதுவதா விடுவதா என்று எனக்கே தெரியவில்லை. இன்றைக்குப் பானை முடிந்தது. கடைசி அரிசியை அள்ளியபோது கடிதம் வந்து கையில் தட்டுப்பட்டது. சரி என்று எழுத இருந்துவிட்டேன்.

எனக்குக் கதை ஞாபகம் இல்லை என்று எழுதியது பொய். நீர் மட்டும்தான் பொய் எழுதுவீரோ?

முதலில் உழவு இயந்திரத்தைப் பற்றி. நீர் ஏறினது பிழை என்று நான் ஒரு நாளும் நினைக்கவில்லை. இடம் இருந்தது, ஏறினீர். என்னைக் கேட்டிருந்தால் "போம்" என்றுதான் சொல்லியிருப்பேன். உமக்கு அது தெரியும். ஆனால் நீர் கேட்கவில்லை. எனக்குச் சொல்வதற்கு ஒரு "போம்" இருந்தது மலர். நல்ல மனதோடு சொல்லியிருப்பேன். அதைச் சொல்ல விடாமல் போனீர். நிமிர்ந்து பார்த்தபோது நீர் இல்லை. ஆற்றுக்குள் விழுந்துவிட்டீர்களோ என்று அரை மணித்தியாலம் பாலத்தடியில் நின்று கத்தினேன். ஒரு கிழவர்தான், "அந்தப் பிள்ளை பெட்டியிலை ஏறிப் போட்டுது" என்றார். அந்த அரை மணித்தியாலத்தைத்தான் நான் எட்டு வருடமாகக் கிணற்றடியில் கழுவிக்கொண்டிருக்கிறேன்.

இனிக் கதை.

ரதீசன் தண்ணீர் கேட்டான். போத்தலைத் தேடினேன், வாளியோடு போய்விட்டது. ஏழு வயதுப் பிள்ளை, அந்தச் சனத்துக்குள் அப்படியே குந்திவிட்டான். "கதையைச் சொல்லுங்கோ, நடக்கிறன்" என்றான். சொன்னேன்: "வாளி களவாணி. கிணத்தின்ரை தண்ணியைக் களவெடுத்துக்கொண்டு வண்டியிலை ஏறி ஓடிப்போட்டுது. கிணறு வத்திப்போய் நடுரோட்டிலை இருந்திட்டுது. வாளி கறள் பிடிச்சுச் செத்துப்போச்சு. கதை முடிஞ்சுது." அதுதான் என் முடிவு. நீர் கேட்டீரே, எழுதியிருக்கிறேன்.

அவன் உம் கொட்டவில்லை. முகத்தைத் தூக்கி என்னைப் பார்த்தான். "இல்லை அம்மா. உங்களுக்குக் கதை தெரியாது" என்றான்.

"அப்ப நீ சொல்லன்."

"வாளி களவெடுக்கேல்லை. கிணறு ஆர் கேட்டாலும் குடுக்கும் எண்டு வாளிக்குத் தெரியும். எல்லாத்தையும் குடுத்து முடிச்சிடும் எண்டும் தெரியும். அதுதான் கொஞ்சத்தை எடுத்துக்கொண்டு முன்னுக்குப் போட்டுது. கிணறு வரேக்கை இருக்கிறதுக்கு ஒரு குழி வேணுமெல்லோ? வாளி போய்க் குழி பாத்து வைச்சிருக்கும். கிணறு வந்து குழிக்குள்ளை இருக்கும். வாளி அந்தத் தண்ணியை ஊத்தும். பேந்து ஊத்து வரும்."

நான்தான் உம் கொட்டினேன். கொட்டாமல் என்ன செய்வது? பிள்ளை எழும்பி நடந்தான். மழை திரும்பவும் பிடித்தபோது குடையை மறுபக்கம் திருப்பிப் பிடித்து மழைத் தண்ணீர் குடித்தோம். வழி முழுக்க, "மாமி தண்ணி வைச்சிருப்பா, மாமி தண்ணி வைச்சிருப்பா" என்றுதான் அவன் நடந்தான். சாவகச்சேரியில் ஒவ்வொரு பள்ளிக்கூடமாக மூன்று நாள் உம்மைத் தேடினான். நீர் கிளாலித் துறைக்குப் போய், படகில் கடல் கடந்துவிட்டீர் என்று நாலாம் நாள் கேள்விப்பட்டோம். அவன் அழவில்லை. "வாளி இன்னும் குழி தேடுது போல" என்றான். அன்றைக்கு எனக்கு வந்த ஆத்திரத்தை இங்கே எழுதமாட்டேன். பிள்ளையின் கதையைப் பொய்யாக்கிவிட்டீர் என்பதுதான் எனக்கு நொந்தது. தண்ணீருக்காக இல்லை.

பதினைந்து வயதில் அவனுக்கு இப்போது மீசை அரும்புகிறது. பாலர் பாடசாலையில் எத்தனையோ கதை சொல்கிறேன். இதை மட்டும் சொன்னதில்லை. ஆர்த்திகாவின் பனிக்கட்டிக் கிணற்றை அவனிடம் சொன்னேன். "உறைஞ்ச கிணத்திலை ஆர் தண்ணி அள்ளுறது? ஆர்த்திகா மச்சாளுக்கு ஊர் மறந்து போச்சு" என்று சிரித்தான். ஆனால் இரண்டு தரம் சொல்லச் சொல்லிக் கேட்டான்.

எழுத வேண்டியதை எழுதிவிட்டேன். பெயரைப் போடுவது உம்முடைய விருப்பம். கதை என்னுடையது, முடிவு என்னுடையது இல்லை.

ஜெகதீஸ்வரி

*

லாசால்
05.10.2003

அன்புள்ள மச்சாள்,

உங்கள் கடிதத்தை மெட்ரோவில் வாசிக்கத் தொடங்கி, இறங்க வேண்டிய இடத்தைத் தாண்டி நாலு நிலையம் போய்விட்டேன். பாலத்தடியில் அரை மணித்தியாலம் நின்று கத்தினீர்கள் என்று எனக்குத் தெரியாது. நான் ஏறினதைக் கண்டிருப்பீர்கள், கோபத்தில் திரும்பி நடந்திருப்பீர்கள் என்றுதான் இவ்வளவு காலமும் நினைத்திருந்தேன். பெரிய சொல் தேடி எழுதினால் நீங்கள் திரும்பவும் அரிசிப் பானைக்குள் போட்டுவிடுவீர்கள்.

ஆனால் ஒன்றைச் சொல்ல வேண்டியிருக்கிறது. ஜூனிலேயே எழுதியிருக்கலாம். எழுதினால் நொண்டிச் சாட்டுப் போல இருக்கும் என்று விட்டேன். ரதீசன் தேடினான் என்று எழுதிய பிறகு மறைக்க எனக்கு உரிமை இல்லை.

சாவகச்சேரியில் எங்களை இறக்கியது ஒரு பள்ளிக்கூடத்தில். இறங்கியதும் வாளிக்குள் இருந்த போத்தலை எடுத்துப் பார்த்தேன். ஆர்த்திகா ஏற்கனவே பாதியைக் குடித்துவிட்டாள். மிச்சத்தை மூடி வைத்தேன். எனக்கும் தாகம்தான். தொடவில்லை. அன்றும் அடுத்த நாளும் வாசலில் நின்று, வருகிற ஒவ்வொரு சிவப்புக் குடையையும் பார்த்தேன். உங்கள் குடை சிவப்பு. மூன்றாம் நாள் காலை கிளாலிக்குப் போகும் வண்டிக்காரர் கூப்பிட்டார். போகும்போது வாளியையும் போத்தலையும், அதில் இருந்த அரைப் போத்தல் தண்ணீரையும், ஆறு பிஸ்கட்டையும் அங்கே சமைத்துக்கொண்டிருந்த ஓர் அம்மாவிடம் கொடுத்தேன். "கோண்டாவில் ரதீசன், ஏழு வயது, தாயோட வருவான், குடுத்துவிடுங்கோ" என்று கடதாசியில் எழுதி வாளியின் பிடியில் கட்டினேன். தன் வாளியைக் கொடுத்ததற்கு ஆர்த்திகா கிளாலி வரைக்கும் அழுதாள். அந்தப் பள்ளிக்கூடத்துக்கு நீங்கள் வரவில்லை, அல்லது வந்தபோது அந்த அம்மா இல்லை. அவ்வளவு சனத்துக்குள் ஒரு நீல வாளிக்கு என்ன நடந்திருக்கும் என்று யாருக்குத் தெரியும்.

இரண்டு நாள்தான் காத்திருந்தேன், மச்சாள். நாலு நாள் நின்றிருக்க வேண்டும். அரைப் போத்தல் தண்ணீரை வைத்துக்கொண்டு, "நான் உங்களுக்கு வைத்திருந்தேன்" என்று சொல்ல வெட்கமாக இருந்தது. அதனால்தான் எட்டு வருடம் எழுதவில்லை. வேறு காரணம் இல்லை.

ஆர்த்திகாவுக்கு உங்கள் கடிதத்தை வாசித்துக் காட்டினேன். தமிழில் கேட்டால் பிரெஞ்சில் பதில் சொல்லும் பிள்ளை, அன்றைக்கு நான் ஒவ்வொரு வரியிலும் மூச்சு வாங்க, தன் பாட்டில் "ம்" "ம்" என்றுகொண்டிருந்தாள். யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை. கடைசியில், "அம்மா, ரதீசன் மச்சான்ரை முடிவுதான் நல்லது. என்ரையைப் போடவேண்டாம் எண்டு அக்னெஸுக்குச் சொல்லுங்கோ" என்றாள். அக்னெஸ் கேட்கவில்லை. இரண்டையும் போட வேண்டும், ஒரு கதை எந்த ஊருக்குப் போனது என்று முடிவைப் பார்த்தால்தான் தெரியும் என்கிறார்.

புதுப் படிவம் இப்படி எழுதியிருக்கிறேன். பிழை இருந்தால் திருத்துங்கள்:

கதை: நடந்து போன கிணறு. சொன்னவர்: ஜெகதீஸ்வரி அருமைராசா, கோண்டாவில். எப்போது, எங்கே: 1995 ஐப்பசி, நாவற்குழிப் பாலத்துக்குப் போகும் வழியில், பிள்ளைகளை நடக்க வைப்பதற்காக. முடிவு சொன்னவர்: அவர் மகன் ரதீசன், பாலத்துக்கு அப்பால். கேட்டு எழுதியவர்: செல்வமலர் விமலநாதன். பாதி வழியில் போய்விட்டவர்.

கடைசி வரி தேவையா என்று அக்னெஸ் கேட்டார். தேவை என்றேன்.

டிசம்பர் தொடக்கத்தில் அச்சுக்குப் போகிறது. அதற்குள் நீங்கள் ஒரு சொல் எழுதினால் போதும்.

உங்கள்,
மலர்

*

கோண்டாவில்
09.11.2003

அன்புள்ள மலருக்கு,

கடிதம் முந்தின வெள்ளிக்கிழமை வந்தது. இந்த முறை பானைக்குள் போடவில்லை.

அடுப்படியில் நின்றபடியே ரதீசனுக்கு வாசித்துக் காட்டினேன். கணக்குக் கொப்பியை மூடாமல் கேட்டுக்கொண்டிருந்தான். கடதாசி எழுதி வாளியின் பிடியில் கட்டினீர் என்ற இடம் வந்ததும் அந்த வரியை இரண்டாம் தரமும் வாசித்தேன். அவன் தலையை நிமிர்த்தவே இல்லை. "நான் அப்பவே சொன்னனான்தானே" என்றான். பிறகு கணக்குச் செய்யத் தொடங்கிவிட்டான். எனக்குத்தான் அன்றைக்குச் சோறு அடிப்பிடித்தது.

அந்தப் பள்ளிக்கூடத்துக்கு நாங்கள் போனோம் மலர். மூன்றாம் நாள் பின்னேரம். நீர் காலையில் போயிருக்கிறீர். வாசலில் ஒரு குழந்தை நீல வாளியில் ஏறி இருந்து விளையாடியது எனக்கு ஞாபகம். நீல வாளி எத்தனையோ இருக்கும் என்று நினைத்து நடந்துவிட்டேன். பிடியைப் பார்க்கவில்லை. யாரோ ஒரு பிள்ளை குடித்திருக்கும். ஆட்டுக்கும் காகத்துக்கும் கொடுத்த கிணறுதானே, அதற்கும் கொடுத்ததாக இருக்கட்டும்.

இரண்டு நாள் நின்றது போதாது என்று எழுதியிருக்கிறீர். அது உண்மை. நானும் உம்மைச் சும்மா விடப்போவதில்லை, நேரில் வரும்போது நன்றாகப் பேசுவேன். யுத்த நிறுத்தத்தோடு பாதை திறந்துதானே கிடக்கிறது. ஆர்த்திகாவையும் கூட்டிக்கொண்டு வாரும். சண்டை பிடிக்கவாவது வாரும்.

திங்கட்கிழமை பாலர் பாடசாலையில் கிணற்றுக் கதையைச் சொன்னேன். இருபத்திரண்டு பிள்ளைகளும் உம் கொட்டிய சத்தத்தில் அடுத்த வகுப்பு ரீச்சர் வந்து என்னவென்று பார்த்தா. ஒரு பெடிச்சி, "கிணத்துக்குக் கால் நோகாதோ ரீச்சர்?" என்று கேட்டாள். நோகும் என்றேன். உம்முடைய அக்னெஸுக்கும் ஹெயிட்டிப் பிள்ளைக்கும் சொல்லும்.

படிவம் சரி. கடைசி வரியை எடுத்துவிடும். போய்விட்டவர் என்று ஒருத்தரை எழுதி வைப்பதற்கு அது என்ன பொலிஸ் புத்தகமோ? "கேட்டு எழுதியவர், என் மச்சாள்" என்று போடும். அது போதும்.

கதையில் ஒரு திருத்தம் இருக்கிறது. ரதீசன் சொல்லச் சொன்னான். வாளி நிறையத் தண்ணீர் வைத்திருந்ததாகப் போட வேண்டாமாம். "அரை வாளி எண்டு எழுதச் சொல்லுங்கோ அம்மா, அதுதான் சரி" என்கிறான். அரை வாளிக்கு ஊற்று வருமோ என்று கேட்டேன். வரும் என்கிறான்.

ஞாயிற்றுக்கிழமை தொலைபேசி எடும். அன்றைக்கு உம்முடைய அண்ணைதான் கிணற்றடியில் நிற்பார்.

உம்முடைய மச்சாள்,
ஜெகதீஸ்வரி